கடை எரிந்தால் யார் பொறுப்பு, யார் பணம் தருவார்? மும்பைத் தமிழ் வியாபாரிகள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

தாராவியில் சிறு தொழில்களுக்குக் கணக்கு எழுதுவதும் ஜிஎஸ்டி ரிட்டர்ன் போடுவதும் என் வேலை. தோல் பை தைப்பவர்கள், ரெடிமேட் கார்கானாக்காரர்கள், முறுக்கு, மிக்சர் போடுபவர்கள், மாட்டுங்காவில் சின்னதாக மெஸ் நடத்துபவர்கள் எல்லாம் என்னிடம் வருகிறார்கள். பாதிப் பேர் திருநெல்வேலி, தூத்துக்குடிப் பக்கம். எங்காவது தீ பிடித்துவிட்டது என்று சேதி வந்தால் அன்று மாலையே நாலு பேர் வந்து உட்கார்ந்து ஒரே கேள்விகளைக் கேட்பார்கள். என் சித்தப்பாவின் பை கார்கானா ஒரு ராத்திரியில் எரிந்து, கிளெய்ம் கைக்கு வர ஒன்றரை வருஷம் ஆனது. அப்போது அலைந்து கற்றுக்கொண்டதும் அதற்குப் பிறகு மற்றவர்களுக்காக அலைந்ததும் சேர்ந்துதான் இந்தப் பதில்கள். பெரிய தொகை சிக்கியிருந்தால் கட்டாயம் ஒரு வக்கீலைப் பாருங்கள்.

எங்கள் காலாவுக்கு (சின்னப் பட்டறை இடம்) சொந்தப் பத்திரமே கிடையாது. பாலிசி கொடுப்பார்களா?

சரக்குக்கும் மெஷினுக்கும் தாராளமாக எடுக்கலாம். எரிந்தால் யாருக்கு நஷ்டமோ அவர் அந்தப் பொருளுக்குக் காப்பீடு எடுக்கலாம் என்பதுதான் சட்டத்தின் அடிப்படை. தையல் மெஷின், தோல் கட்டு, தைத்து முடித்த பை இவையெல்லாம் உங்களுடையவை. பில்லும் ஜிஎஸ்டி பதிவும் குமாஸ்தா லைசென்ஸும் (கடைப் பதிவு) அதே முகவரியில் இருந்தால் போதும். கட்டடத்துக்கு எடுப்பதுதான் சிரமம். பகடி (மொத்தமாக முன்பணம் கொடுத்துப் பிடித்த பழைய வாடகை) வீடோ வாடகை காலாவோ என்றால் கட்டடம் சேட்டுடையது, அதாவது இடத்தின் சொந்தக்காரருடையது. நீங்கள் போட்ட மாலா (உள்ளே கட்டிய மேல்தட்டு), பார்ட்டிஷன், வயரிங் இவற்றை மட்டும் உங்கள் பெயரில் தனியாக எழுதிக்கொள்ளலாம். எழுதாமல் விட்டால் அவற்றுக்குக் காசு வராது.

கட்டுமானம் எப்படிப்பட்டது என்று விண்ணப்பத்தில் கேட்பார்கள். மரப்பலகையும் தார்ப்பாயும் இருந்தால் இருக்கிறது என்றே சொல்லுங்கள். பிரீமியம் கொஞ்சம் கூடும், அவ்வளவுதான். மறைத்துவிட்டால் கிளெய்ம் நேரத்தில் முதலில் அதைத்தான் பிடித்துக்கொள்வார்கள்.

எந்தப் பாலிசி எடுக்கணும்? ஏஜென்ட் ஏதேதோ பெயர் சொல்கிறார்.

2021 ஏப்ரல் 1 முதல் சிறு தொழில்களுக்கென்று ஐ.ஆர்.டி.ஏ.ஐ. (காப்பீட்டுக் கம்பெனிகளை ஒழுங்குபடுத்தும் ஆணையம்) இரண்டு பாலிசிகளை எல்லாக் கம்பெனிகளும் ஒரே மாதிரி தரவேண்டும் என்று வைத்தது. ஒரு இடத்தில் இருக்கும் கட்டடம், மெஷின், சரக்கு எல்லாவற்றின் மதிப்பும் சேர்ந்து 5 கோடி ரூபாய்க்குள் என்றால் பாரத் சூக்ஷ்ம உத்யம் சுரக்ஷா. 5 கோடியைத் தாண்டி 50 கோடி வரை என்றால் பாரத் லகு உத்யம் சுரக்ஷா. அதற்கும் மேலே உள்ளவர்களுக்குப் பழைய ஸ்டாண்டர்ட் ஃபயர் பாலிசி போன்றவை. இதைப் படிக்கும் பெரும்பாலானோருக்கு முதலாவதுதான் பொருந்தும். கம்பெனி எதுவானாலும் வாசகம் ஒன்றுதான் என்பதால் பிரீமியத்தையும், கிளெய்ம் நேரத்தில் அவர்கள் நடந்துகொள்ளும் விதத்தையும் ஒப்பிட்டுப் பார்த்தால் போதும்.

இதில் எனக்குப் பிடித்த இரண்டு விஷயம் உண்டு. தீ விபத்து நடந்து 7 நாளுக்குள் அங்கே திருட்டுப் போனால் அதுவும் சேரும். பழைய பாலிசியில் சேராது. எரிந்த கடையின் ஷட்டர் பாதி திறந்து கிடக்கும்போது என்ன நடக்கும் என்று நம் ஏரியாவில் யாருக்கும் சொல்லவேண்டியதில்லை. இன்னொன்று, காப்பீட்டுத் தொகை உண்மை மதிப்பைவிட 15 சதவீதம் வரை குறைந்திருந்தாலும் பிடித்தம் செய்யமாட்டார்கள்.

பிடித்தமா? பத்து லட்சத்துக்கு எரிந்தால் பத்து லட்சம் தரமாட்டார்களா?

இந்த ஒரு இடத்தில்தான் நம் ஆட்கள் அதிகம் ஏமாந்துபோகிறார்கள். கவனமாகப் படியுங்கள்.

கடையில் 20 லட்சம் ரூபாய்க்குச் சரக்கு இருக்கிறது. பிரீமியத்தை மிச்சம் பிடிக்க 12 லட்சத்துக்குப் பாலிசி எடுத்திருக்கிறீர்கள். தீயில் பாதிக்கடை போய் 10 லட்சம் நஷ்டம். “12 லட்சம் வரை கவர் இருக்கிறதே, 10 லட்சமும் வந்துவிடும்” என்று நினைப்போம். வராது. மொத்த மதிப்பில் ஐந்தில் மூன்று பங்குக்குத்தான் காப்பீடு, மீதி ரிஸ்கை நீங்களே சுமக்க ஒப்புக்கொண்டிருக்கிறீர்கள் என்று கம்பெனி கணக்குப் போடும். ஆகவே 10 லட்சத்தில் ஐந்தில் மூன்று பங்கு, 6 லட்சம்தான் கிடைக்கும். இதில் பாலிசியில் சொன்ன கட்டாயக் கழிவும், சேதமான சரக்கில் விற்கத் தேறும் மிச்சத்தின் மதிப்பும் கழியும். இந்த விகிதப் பிடித்தத்தை ஆங்கிலத்தில் ஆவரேஜ் என்பார்கள். நஷ்டத்தை மதிப்பிட வரும் சர்வேயரின் ரிப்போர்ட்டில் அந்தச் சொல்லைப் பார்த்தால் கை வைத்துவிட்டார்கள் என்று அர்த்தம்.

12 லட்சத்துக்கும் 20 லட்சத்துக்கும் பிரீமிய வித்தியாசம் எவ்வளவு என்று ஏஜென்டிடம் ஒருமுறை கேட்டுப் பாருங்கள். கேட்டவர்கள் யாரும் அதற்குப் பிறகு குறைத்து எடுத்ததை நான் பார்த்ததில்லை.

ஜாப்வொர்க் பண்ணுகிறோம். எரிந்தது எல்லாம் பார்ட்டியின் தோல். அதற்கு யார் பணம் தருவார்?

தாராவிக்கென்றே செய்த கேள்வி இது. நம்மிடம் இருக்கும் சரக்கில் பாதி அடுத்தவருடையது. ஃபயர் பாலிசிகளில் ஒரு வரி இருக்கும்: பிறருக்காக நம்பிக்கையின் பேரில் வைத்திருக்கும் பொருளும் கமிஷனுக்கு வைத்திருக்கும் பொருளும், தனியாக எழுதினால் ஒழிய, சேராது. எழுதியிருக்கிறதா என்று இன்றே பாலிசி தாளை எடுத்துப் பாருங்கள்.

என் சித்தப்பாவுக்கு நடந்ததைச் சொல்கிறேன். எரிந்து தணிந்த மறுநாள் உள்ளே போனோம். ஜிப் ரோல்கள் உருகி ஒரே கட்டியாக, ஒரு சின்ன ஆட்டுரல் அளவுக்குத் தரையில் ஒட்டிக்கிடந்தன. தோல் முழுக்கச் சாம்பல். எரியாமல் மிஞ்சியது பித்தளைப் பக்கிள்கள் மட்டும். சர்வேயர் ஒரு சாக்கை விரித்து, பக்கிள்களைப் பொறுக்கச் சொல்லி, எடை போட்டு, ஒரு பைக்கு எத்தனை பக்கிள் என்று கேட்டு, எத்தனை பை எரிந்தது என்று கணக்கிட்டார். கெட்டிக்கார மனிதர், கணக்கும் நியாயமாகவே வந்தது. ஆனால் அதில் 400-க்கும் மேற்பட்ட பைகள் ஒரு ஏற்றுமதிக்காரர் தோல் கொடுத்துத் தைக்கச் சொன்னவை. பாலிசியில் அந்த வரி இல்லை. அவற்றுக்கு ஒரு ரூபாய் வரவில்லை. ஏற்றுமதிக்காரருக்குச் சித்தப்பா மூன்று வருஷம் கூலியில் கழித்துக் கட்டினார்.

புதுப்பிக்கும்போது “பிறர் சரக்கும் சேர்த்து” என்று ஒரு எண்டார்ஸ்மென்ட் (பாலிசியில் சேர்க்கும் திருத்தத் தாள்) கேளுங்கள். அந்தச் சரக்கின் மதிப்பையும் காப்பீட்டுத் தொகையில் கூட்டுங்கள். வெறும் வரி மட்டும் சேர்த்துத் தொகையைக் கூட்டாவிட்டால் மேலே சொன்ன பிடித்தம் வந்துவிடும். சரக்கு கொடுக்கும் பார்ட்டியிடமும், அவருடைய பாலிசியில் உங்கள் கார்கானா முகவரி இருக்கிறதா என்று கேட்டுவைப்பது நல்லது.

பேங்க் லோன் இருக்கிறது. இன்சூரன்ஸ் பேங்கே எடுத்துவிட்டது. நாங்கள் கவலைப்படணுமா?

கவலைப்படணும். சி.சி. (கேஷ் கிரெடிட் லோன்) அக்கவுன்டிலிருந்து பிரீமியம் பிடித்துவிடுவார்கள், பாலிசி தாள் பேங்க் ஃபைலில் தூங்கும். நீங்கள் பழைய காலாவிலிருந்து இரண்டு சந்து தள்ளி மாறியிருப்பீர்கள். பாலிசியில் பழைய முகவரியே இருக்கும். ஃபயர் பாலிசி முகவரிக்குத்தான் கட்டுப்பட்டது. எழுதிய இடத்தில் இருக்கும் சரக்குக்குத்தான் கவர். வருஷத்துக்கு ஒருமுறை பேங்குக்குப் போய்த் தாளை வாங்கி முகவரி, தொழிலின் பெயர், தொகை மூன்றையும் பாருங்கள். மாறியிருந்தால் பேங்குக்கும் கம்பெனிக்கும் எழுத்தில் கொடுத்து முத்திரை வாங்கி வையுங்கள்.

கிளெய்ம் வந்தால் பணம் முதலில் பேங்குக்குத்தான் போகும். லோன் பாக்கி போக மீதிதான் உங்களுக்கு.

பேங்குக்குக் கொடுக்கும் ஸ்டாக் ஸ்டேட்மென்ட்டில் கொஞ்சம் கூட்டிப் போட்டிருக்கிறோம்…

தெரியும். டி.பி. (சரக்கை வைத்து பேங்க் எடுக்கவிடும் லோன் அளவு) குறையக் கூடாது என்று மாசாமாசம் சரக்கை ஏற்றி எழுதுவது, ஜிஎஸ்டியில் இறக்கிக் காட்டுவது. எரிந்த பிறகு இரண்டு தாளும் சர்வேயர் மேஜையில் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். அவர் எடுப்பது குறைந்த எண்ணைத்தான். அதைவிட மோசம், நீங்கள் சொல்வது எதையும் அவர் நம்பாமல் போவது. வேண்டுமென்றே பொய்க் கணக்குக் கொடுத்தார் என்று நிரூபிக்கப்பட்டால் முழுக் கிளெய்மும் போகலாம். உங்கள் நன்மைக்காகத்தான் சொல்கிறேன், இந்தப் பழக்கத்தை விடுங்கள்.

கணக்குப் புத்தகமே எரிந்துவிட்டது. எதை வைத்து நிரூபிப்பது?

ஜிஎஸ்டி போர்ட்டலில் நீங்கள் போட்ட ரிட்டர்னும், உங்களுக்கு விற்றவர்கள் ஏற்றிய பில்களும் இருக்கும். இ-வே பில் இருக்கும். பேங்க் ஸ்டேட்மென்ட், கொள்முதல் செய்த இடத்தின் லெட்ஜர் நகல் வாங்கலாம். டேலியில் எழுதுபவர்கள் பேக்கப்பைக் கடையில் இருக்கும் கம்ப்யூட்டரிலேயே வைக்காமல் தினமும் மெயிலுக்கு அனுப்புங்கள். சிசிடிவி பெட்டியும் கடைக்குள்ளேயே இருந்தால் அதுவும் எரிந்துபோகும். மாதம் ஒருமுறை மொபைலில் கடையை ஒரு சுற்று வீடியோ எடுத்து ஊரில் இருக்கும் யாருக்காவது வாட்ஸாப்பில் அனுப்பி வையுங்கள். செலவில்லாத சாட்சி அது.

எரிந்த சரக்கை வாங்கும்போது கட்டி, பிறகு கழித்துக்கொண்ட ஜிஎஸ்டியை (இன்புட் டாக்ஸ்) திருப்பவேண்டும் என்று சிஜிஎஸ்டி சட்டம் பிரிவு 17(5)(h) சொல்கிறது. அந்த வரியும் உங்கள் நஷ்டம்தான். காப்பீட்டுத் தொகையை வரியோடு சேர்த்து வைத்திருந்து, திருப்பியதற்கான ஆதாரத்தையும் கொடுத்தால் கிளெய்மில் கேட்க இடம் உண்டு.

ஷார்ட் சர்க்யூட் என்றால் கிளெய்ம் கிடையாதாமே?

தவறான சேதி. ஷார்ட் சர்க்யூட்டினால் எந்த மெஷினுக்குள் கோளாறு வந்ததோ அந்த ஒரு மெஷினுக்கு மட்டும்தான் விலக்கு. அதிலிருந்து தீ பரவி எரிந்த மற்ற மெஷின், சரக்கு, கட்டடம் எல்லாவற்றுக்கும் கவர் உண்டு. சிலர் பாலிசியின் ஒரு வரியைக் காட்டிப் பயமுறுத்துவார்கள். அதே பத்தியின் கடைசிப் பகுதியைப் படிக்கச் சொல்லுங்கள்.

தீயணைப்புத் துறை ரிப்போர்ட்டில் “மின்கசிவாக இருக்கலாம்” என்று ஒரே வரிதான் இருக்கிறது, காரணம் உறுதியாகவில்லை என்று இழுத்தடிப்பதும் உண்டு. கர்நாடகத்தில் விவசாயிகளின் மிளகாய் இருந்த குளிர்பதனக் கிடங்கு எரிந்த வழக்கில் 2020-லும், வேறொரு கிடங்கு வழக்கில் 2023-லும் உச்ச நீதிமன்றம் இதைப் பார்த்தது. பாலிசி எடுத்தவர் தானே தீ வைக்கவில்லை என்றால், தீ எப்படிப் பிடித்தது என்ற துல்லியமான காரணம் முக்கியமில்லை என்பதுதான் அதன் நிலைப்பாடு.

பக்கத்துக் கடையில் பிடித்த தீ எங்கள் கடைக்கு வந்தது. தீயணைப்பு வண்டி அடித்த தண்ணீரில் மீதித் துணியும் நாசம்.

இரண்டும் உங்கள் பாலிசியில் வரும். தீ எங்கே தொடங்கியது என்பது உங்கள் கவரைப் பாதிக்காது. அணைக்க அடித்த தண்ணீரால் வந்த சேதமும் தீச்சேதம்தான்.

எங்கள் கடையிலிருந்து பக்கத்துக் கடைக்குப் போய்விட்டால்?

உங்கள் ஃபயர் பாலிசி உங்கள் பொருளுக்கு மட்டும். பக்கத்துக் கடைக்காரருக்கு நீங்கள் கொடுக்கவேண்டி வந்தால் அதிலிருந்து காசு வராது. அதற்குப் பொதுப் பொறுப்புக் காப்பீடு என்று தனியாக ஒன்று வேண்டும். பப்ளிக் லயபிலிட்டி என்று கேளுங்கள். நம் சந்துகளில் ஒரு சுவர் இரண்டு கடைக்கு, ஒரு மாலா மூன்று பேருக்கு. அப்படிப்பட்ட இடத்தில் இதை வைத்திருப்பவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். எனக்கு இது மிகவும் வருத்தமான விஷயம்.

சட்டப்படி, உங்கள் கவனக்குறைவால் தீ வந்தது என்று பக்கத்துக் கடைக்காரர் நிரூபித்தால் நீங்கள் இழப்பீடு தரவேண்டும். ஒரே எக்ஸ்டென்ஷன் போர்டில் ஆறு மெஷின், ஃபியூஸுக்குப் பதில் செம்புக் கம்பி, ராத்திரி அணைக்காத இஸ்திரிப்பெட்டி இவையெல்லாம் கவனக்குறைவுக்கு உதாரணம். தின்னர், ரப்பர் சொல்யூஷன் போன்றவற்றை டின் டின்னாக அடுக்கி வைத்திருந்தால் நிலைமை இன்னும் கடுமை. ஆபத்தான பொருளைக் கொண்டுவந்து சேர்த்தவர், அது தப்பித்துப் போய்ச் செய்த சேதத்துக்குப் பொறுப்பு என்ற பழைய விதி உண்டு. கவனமாகத்தான் இருந்தேன் என்று சொல்லித் தப்பிக்க அங்கே இடம் குறைவு.

பெரியவர்கள் உட்கார்ந்து பேசி, “இனி ஒருவர் மேல் ஒருவர் கோரிக்கை இல்லை” என்று ஸ்டாம்ப் பேப்பரில் எழுதிக்கொண்டோம். நல்லதுதானே?

உறவுக்கு நல்லது, கிளெய்முக்கு ஆபத்து. கம்பெனி உங்களுக்குப் பணம் கொடுத்துவிட்டால், தீக்குக் காரணமானவர் மேல் உங்களுக்கு இருந்த உரிமை கம்பெனிக்குப் போகும். அந்த உரிமையை நீங்கள் முன்கூட்டியே கையெழுத்துப் போட்டு விட்டுக்கொடுத்துவிட்டால், “எங்கள் வழியை அடைத்துவிட்டீர்கள்” என்று கிளெய்மைக் குறைக்கவோ மறுக்கவோ அவர்களுக்குக் காரணம் கிடைத்துவிடும். சமாதானம் பேசுங்கள், கையெழுத்தை மட்டும் கம்பெனியிடம் எழுதிக் கேட்ட பிறகு போடுங்கள். சங்கத்துப் பெரியவர்களுக்கும் இதைச் சொல்லிவையுங்கள். அவர்கள் நல்ல எண்ணத்தில்தான் செய்கிறார்கள்.

எரிந்த பிறகு சேட் பூட்டைப் போட்டுவிட்டார். “கட்டடமே இல்லை, உனக்கு என்ன வாடகை உரிமை” என்கிறார்.

அவர் சொல்வது சரியில்லை. 1882-ஆம் வருஷத்துச் சொத்து மாற்றுச் சட்டம் பிரிவு 108(e) படி, தீயால் இடம் பயன்படுத்த முடியாமல் போனால் குத்தகையை முடித்துக்கொள்ளும் விருப்பம் வாடகைக்காரருடையது. சேட்டுக்கு அந்த விருப்பம் இல்லை. கட்டடம் போனாலும் கீழே இருக்கும் நிலத்தின் மேல் வாடகை உரிமை நிற்கும் என்று 2014-ல் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள், மகாராஷ்டிரத்திலிருந்து போன ஒரு வழக்கில் தீர்ப்பளித்தார்கள். கட்டடத்தை இடித்த வழக்கு அது. கட்டடம் போனால் வாடகையும் போச்சு என்றிருந்த 2001-ஆம் வருஷத் தீர்ப்பை அதில் தள்ளிவிட்டார்கள்.

வாடகையை நிறுத்தாதீர்கள். சேட் வாங்க மறுத்தால் மணியார்டரிலோ பேங்க் வழியாகவோ அனுப்பி ரசீதை வையுங்கள். “உரிமையை விடவில்லை” என்று வக்கீல் மூலம் ஒரு நோட்டீஸ் உடனே போகட்டும்.

இரண்டு எச்சரிக்கை. தீ உங்கள் தவறால் வந்திருந்தால் 108(e) உங்களுக்கு உதவாது, மாறாகக் கட்டடச் சேதத்துக்குச் சேட் உங்களிடம் கேட்கலாம். அடுத்தது, உங்களிடம் இருப்பது 11 மாத லீவ் அண்ட் லைசென்ஸ் என்றால் அது வாடகையே இல்லை, அனுமதி மட்டும்தான். 108 அதற்குப் பொருந்தாது, அக்ரிமென்ட்டில் என்ன எழுதியிருக்கிறதோ அதுதான். கையெழுத்துப் போடும் முன் “தீ” என்ற சொல் எங்கே வருகிறது என்று தேடிப் படியுங்கள்.

ஃபயர் ஆபீஸ் சட்டப்படி பொறுப்பு சேட்டுக்கா, எங்களுக்கா?

மகாராஷ்டிரத் தீத்தடுப்பு மற்றும் உயிர்ப் பாதுகாப்புச் சட்டம், 2006 உரிமையாளர், குடியிருப்பவர் இருவரையும் பிடிக்கும். தீத்தடுப்பு ஏற்பாடு வைக்கவேண்டிய கட்டடங்களில் அது வேலை செய்கிறது என்று லைசென்ஸ் பெற்ற ஏஜென்சியிடம் ஃபார்ம் பி வாங்கி வருஷத்துக்கு இரண்டு முறை, ஜனவரியிலும் ஜூலையிலும் கொடுக்கவேண்டும். இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் காலா வைத்திருப்பவர்கள் சொசைட்டி ஆபீஸில் அதன் நகலைக் கேட்டு வாங்குங்கள். கொடுக்கவில்லை என்றால் கடிதம் எழுதிக் கேட்டதற்காவது ஆதாரம் இருக்கட்டும்.

போலீஸ் கேஸ் வருமா?

ஆளுக்குச் சேதம் இல்லாவிட்டாலும் பஞ்சநாமா (சாட்சிகள் முன் போலீஸ் எழுதும் இடப் பதிவு) உண்டு. அலட்சியமாகத் தீயைக் கையாண்டால் பாரதிய நியாய சன்ஹிதா பிரிவு 287. உயிர் போனால் பிரிவு 106, ஐந்து வருஷம் வரை சிறை. ஆபத்து தெரிந்தே விட்டார்கள் என்று போலீஸ் கருதினால் கொலையாகாத மரணம் விளைவித்தல், பிரிவு 105 வரை போகும்.

2017 டிசம்பர் 18 அதிகாலை, சாக்கிநாக்கா கைரானி ரோட்டில் ஒரு ஃபர்சான் (மிக்சர், காரவகை) கடை எரிந்து உள்ளேயே தூங்கிய 12 தொழிலாளர்கள் இறந்தார்கள். அடுத்த 11 நாளில், டிசம்பர் 29 அன்று, லோயர் பரேல் கமலா மில்ஸில் 14 பேர். ஃபர்சான் கடைச் சேதி வந்த அன்று எங்கள் சந்தில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை. ஊரிலிருந்து வந்த பையன்களை மாலாவில் படுக்கவைத்து, வெளியே ஷட்டரைப் பூட்டிவிட்டு வீட்டுக்குப் போவது இங்கே வழக்கம். தயவுசெய்து வெளியே பூட்டாதீர்கள். சிலிண்டரும் சொல்யூஷன் டின்னும் படிக்கட்டுக்குக் கீழே இருக்கக் கூடாது, அவர்கள் இறங்க அந்த ஒரு படிதான் உண்டு.

ஃபயர் பாலிசி ஆளுக்கு ஆகாது. தொழிலாளர் காயத்துக்கும் சாவுக்கும் முதலாளி தரவேண்டிய இழப்பீட்டுக்கு இ.எஸ்.ஐ. அல்லது தொழிலாளர் இழப்பீட்டுப் பாலிசி தனியாக வேண்டும்.

தீ பிடித்த அன்று என்ன செய்யணும்?

முதலில் 101. ஆட்கள் வெளியே வந்தாயிற்றா என்று எண்ணுங்கள். அணைந்ததும் கம்பெனிக்குப் போன் செய்து, அன்றே மெயிலும் போடுங்கள்; ஏஜென்டுக்குச் சொன்னால் போதாது. பழைய ஃபயர் பாலிசி 15 நாளுக்குள் எழுத்தில் விவரமான கிளெய்ம் கேட்கும், எந்தப் பாலிசியானாலும் அந்தக் கணக்கை மனதில் வையுங்கள். போலீஸ் பஞ்சநாமா நகல், தீயணைப்புத் துறை ரிப்போர்ட் இரண்டுக்கும் அந்த வாரமே விண்ணப்பியுங்கள்.

சர்வேயர் வரும்வரை குப்பையை அள்ளாதீர்கள். சித்தப்பா அந்தப் பக்கிள்களைப் பழைய இரும்புக்காரரிடம் போட்டிருந்தால் கணக்குக்கு ஒன்றுமே இருந்திருக்காது. நனைந்தாலும் தேறக்கூடிய சரக்கைத் தனியாக எடுத்துக் காயவையுங்கள். நஷ்டத்தைக் குறைக்க முயன்றீர்கள் என்பதும் பதிவாகவேண்டும்.

சர்வேயர் குறைத்துப் போட்டுவிட்டார். கையெழுத்துப் போட்டால்தான் செக் என்கிறார்கள்.

2024-ல் வந்த ஐ.ஆர்.டி.ஏ.ஐ. விதிப்படி, தகவல் கொடுத்த 24 மணி நேரத்தில் சர்வேயரை நியமிக்கவேண்டும், அவர் 15 நாளில் ரிப்போர்ட் தரவேண்டும், அது வந்த 7 நாளில் கம்பெனி முடிவு சொல்லவேண்டும். ரிப்போர்ட் நகலை எழுத்தில் கேளுங்கள். சர்வேயர் சொன்னதே கடைசி வார்த்தை இல்லை என்று உச்ச நீதிமன்றம் 2009-லேயே சொல்லிவிட்டது.

டிஸ்சார்ஜ் வவுச்சர் (பணம் பெற்றுக் கணக்கு முடிந்தது என்று எழுதிக் கொடுக்கும் சீட்டு) விஷயத்தில், “முழுத் திருப்தி” என்று கையெழுத்துப் போட்டாலும், வேறு வழியில்லாமல் வற்புறுத்தலில் போட்டதாக நிரூபித்தால் மீதிக்கு வழக்குப் போடலாம். 1999-ல் ஒரு பஞ்சுமில் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது அது. நிரூபிக்கும் சுமை உங்கள் மேல்தான். ஆகவே போடும்போதே “ஆட்சேபத்தோடு பெறுகிறேன்” என்று எழுதிப் போடுங்கள். எழுதவிடவில்லை என்றால் செக் வாங்கிய அன்றே மெயில் அனுப்புங்கள். ஒரு மாதம் கழித்து அனுப்பினால் யாரும் நம்பமாட்டார்கள்.

அடுத்து எங்கே போவது?

முதலில் கம்பெனியின் குறைதீர்ப்புப் பிரிவு, ஐ.ஆர்.டி.ஏ.ஐ.யின் பீமா பரோசா போர்ட்டல். பதில் திருப்தி இல்லை அல்லது ஒரு மாதமாகியும் பதிலே இல்லை என்றால் காப்பீட்டு ஆம்பட்ஸ்மன் (புகார்களை விசாரிக்கும் நடுவர்). மும்பை அலுவலகம் சாந்தாக்ரூஸ் மேற்கில், எஸ்.வி. ரோட்டில் இருக்கிறது. தனியாள் தொழிலும் குறுந்தொழிலும் அங்கே போகலாம், 50 லட்சம் ரூபாய் வரை, கட்டணம் கிடையாது. கம்பெனி மறுத்த ஒரு வருஷத்துக்குள் போகவேண்டும்.

அல்லது நுகர்வோர் ஆணையம். “நீ வியாபாரி, நுகர்வோர் இல்லை” என்று கம்பெனி வக்கீல் சொன்னால், 2002 கலவரத்தில் சேதமடைந்த குஜராத் வாகன விற்பனையாளர் வழக்கில் 2023-ல் வந்த தீர்ப்பைக் காட்டுங்கள். நஷ்டத்தை ஈடுகட்ட எடுக்கும் காப்பீடு லாபத்துக்கானது இல்லை, வியாபாரியும் நுகர்வோர்தான் என்றது உச்ச நீதிமன்றம். இப்போதைய சட்டத்தில் எந்த ஆணையம் என்பதை நீங்கள் கட்டிய பிரீமியத்தை வைத்துத்தான் பார்ப்பார்கள். 50 லட்சம் வரை பிரீமியம் கட்டியவருக்கு மாவட்ட ஆணையமே போதும், கேட்கும் இழப்பீடு கோடியில் இருந்தாலும் சரி. காலக்கெடு இரண்டு வருஷம். ஆனால் பாலிசியிலேயே 12 மாதக் கெடு வைத்திருப்பார்கள், அதை வைத்து வாதாடுவார்கள். மறுப்புக் கடிதம் வந்ததும் கிளம்பிவிடுங்கள்.

ஏஜென்ட் கையில் பணம் கொடுத்தேன். மறுநாள் தீ.

பிரீமியம் கம்பெனிக்குப் போய்ச் சேரும்வரை கவர் கிடையாது என்பது இன்சூரன்ஸ் சட்டம் 64VB. வாங்கிய 24 மணி நேரத்தில் ஏஜென்ட் கட்டவேண்டும் என்றும் அதே பிரிவு சொல்கிறது. ஏஜென்ட் நம் ஊர்க்காரர் என்றாலும் ரொக்கமாகக் கொடுக்காமல் கம்பெனி பெயருக்கு நேராக அனுப்புங்கள். செக் திரும்பினாலும் கவர் போய்விடும்.

கடை மூடிக்கிடக்கும் மாதங்களின் வருமானம்?

சாதாரண பாலிசியில் வராது. லாப இழப்புக்குத் தனிப் பாலிசி உண்டு, ஃபயர் பாலிசியோடு சேர்த்துத்தான் தருவார்கள். ஒழுங்கான வரவுசெலவுக் கணக்கு இல்லாதவர்களுக்கு அதனால் பலன் குறைவு.

தீபாவளிக்கு முன் இரண்டு மாதம் மட்டும் சரக்கு இரட்டிப்பாகும். வருஷம் முழுக்க அவ்வளவு தொகைக்கு எடுக்கணுமா?

வேண்டாம். நடுவில் தொகையைக் கூட்ட எண்டார்ஸ்மென்ட் வாங்கலாம், மீதி நாளுக்கு மட்டும் பிரீமியம் கேட்பார்கள். சரக்கு இறங்கும் முன்பே கம்பெனிக்கு மெயிலும் பணமும் போய்விடவேண்டும். சித்தப்பா இப்போது ஆவணி பிறந்ததும் எனக்குப் போன் செய்துவிடுகிறார், “லே, தொகையைக் கூட்டியாச்சா?” என்று. எண்டார்ஸ்மென்ட் தாளை நான் வாட்ஸாப்பில் அனுப்பும்வரை அவர் தோல் கட்டை வண்டியிலிருந்து இறக்கவிடுவதில்லை.